பஞ்சாயத்து இடைத்தேர்தலில் போலீஸ் பாதுகாப்பு: யாரிடம் கேட்பது, எதற்காகக் கேட்பது

பாலக்காடு மாவட்டம் சித்தூர் தாலுகாவில், தமிழ்நாட்டு எல்லையை ஒட்டிய ஒரு கிராமப் பஞ்சாயத்தில் வார்டு இடைத்தேர்தல் வருகிறது. கேள்வி கேட்டவரின் தங்கை சுயேச்சையாக நிற்கிறார். பூத் ஏஜெண்டாக உட்காரச் சம்மதித்த இரண்டு பேரையும் வீடு தேடிப் போய் மிரட்டியிருக்கிறார்கள். ஓட்டுப்பதிவு அன்று பொள்ளாச்சிப் பக்கத்திலிருந்து ஆட்களைக் கூட்டிவந்து கள்ள ஓட்டுப் போடப் போவதாகவும் ஊரில் பேச்சு. போலீஸ் பாதுகாப்பு கிடைக்குமா, ஹைகோர்ட்டுக்குப் போயே ஆகவேண்டுமா, மத்தியப் படையைக் கேட்க முடியுமா என்பது கேள்வி.

பாதுகாப்பு கிடைக்கும், ஆனால் எதற்கு என்று தெளிவாகக் கேட்டால்தான். "பூத்துக்குக் கூடுதல் போலீஸ் வேண்டும்" என்று பொதுவாக எழுதினால், வாசலில் இன்னும் ஒரு காவலரை நிறுத்தி விட்டு மனுவை முடித்து விடுவார்கள். வாசலில் நிற்பவரால் அடிதடியைத் தடுக்க முடியும், கள்ள ஓட்டைத் தடுக்க முடியாது. வரிசையில் நிற்பவர் யார், எந்த வீடு, இருக்கிறாரா, ஊரை விட்டுப் போய்விட்டாரா என்பதெல்லாம் அவருக்குத் தெரியாது. அது தெரிந்தவர் உள்ளே உட்கார்ந்திருக்கும் உங்கள் ஏஜெண்ட் மட்டும்தான். ஆகவே நீங்கள் கேட்க வேண்டியது ஏஜெண்டுக்கான பாதுகாப்பு: வீட்டிலிருந்து பூத்துக்கு வர, மாலை வரை உட்கார, முடிந்தபின் வீடு திரும்ப. ஆசிரியராக இருந்த காலத்தில் தேவிகுளம் பக்கத்திலும் சித்தூர் பக்கத்திலும் பூத் பணி பார்த்தவன் என்ற முறையில் இதை அழுத்தியே சொல்கிறேன். எதிர்த்தரப்பு முதலில் குறிவைப்பது ஏஜெண்டைத்தான். அந்த நாற்காலி காலியானால் மற்றது எல்லாம் தானாக நடந்துவிடும்.

மத்தியப் படை விஷயத்தை முதலில் முடித்து விடுகிறேன். உள்ளாட்சித் தேர்தலை நடத்துவது டெல்லியில் இருக்கும் தேர்தல் ஆணையம் அல்ல, அரசியல் சட்டத்தின் 243கே பிரிவின்படி அமைந்த மாநிலத் தேர்தல் ஆணையம். அதற்குச் சொந்தமாக ஆளும் கிடையாது, படையும் கிடையாது. தேவையான ஊழியர்களை ஆளுநர் தரவேண்டும் என்று அதே பிரிவு சொல்கிறது. நடைமுறையில் மாநில அரசின் ஊழியர்களும் மாநிலப் போலீஸும்தான் வேலை செய்கிறார்கள். உள்ளாட்சித் தேர்தலில் மாநில ஆணையத்துக்கு இருக்கும் அதிகாரம் இந்தியத் தேர்தல் ஆணையத்தின் அதிகாரத்துக்குக் குறைந்ததல்ல என்று 2006இல் கிஷன்சிங் தோமர் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. 2023 மேற்கு வங்கப் பஞ்சாயத்துத் தேர்தலுக்குக் கல்கத்தா உயர் நீதிமன்றம் மத்தியப் படையை அனுப்பச் சொன்னது, உச்ச நீதிமன்றமும் அதில் தலையிட மறுத்தது. டிவியில் அதைப் பார்த்துவிட்டுத்தான் பலரும் இங்கேயும் கேட்கிறார்கள். ஒரு மாநிலம் முழுக்க நடந்த வன்முறையை முன்வைத்து வந்த உத்தரவு அது. கேரளத்தில் ஒரு வார்டு இடைத்தேர்தலுக்கு அதை எதிர்பார்த்து நாளைக் கழிக்காதீர்கள்.

இடைத்தேர்தல் என்பதில் உங்களுக்கு ஒரு நன்மையும் இருக்கிறது. பொதுத் தேர்தலில் 941 கிராமப் பஞ்சாயத்துகளுக்கும் போலீஸைப் பிரித்துக் கொடுக்க வேண்டும். அதனால்தான் 2020 டிசம்பரில் மூன்று கட்டமாகவும் 2025 டிசம்பரில் இரண்டு கட்டமாகவும் நடத்தினார்கள். அப்போது சாதாரண பூத்துக்கு ஒன்றிரண்டு பேர் கிடைப்பதே பெரிது, நாலைந்து பூத்துக்குச் சேர்த்து ஒரு ரோந்து வண்டி ஓடும். இடைத்தேர்தலில் உங்கள் ஸ்டேஷன் எல்லையில் இருப்பதே ஒன்றோ இரண்டோ பூத். எஸ்.ஐ. நேரில் வந்து நிற்க முடியும். "ஆள் இல்லை" என்ற பதிலை ஏற்றுக்கொள்ள வேண்டியதில்லை.

சரி, யாருக்கு எழுதுவது? முதல் மனு உங்கள் ஸ்டேஷன் பொறுப்பு அதிகாரியான எஸ்.எச்.ஓ.வுக்கு. நகல்கள் டிவைஎஸ்பி, மாவட்டப் போலீஸ் தலைவர், உங்கள் வார்டுக்கான ரிட்டர்னிங் ஆபீசர் (தேர்தலை நடத்தும் அதிகாரி, இங்கே மலையாளத்தில் வரணாதிகாரி என்பார்கள்), மாவட்டத் தேர்தல் அதிகாரியான கலெக்டர், திருவனந்தபுரத்தில் மாநிலத் தேர்தல் ஆணையம் ஆகியோருக்கு. பார்வையாளர் நியமித்திருந்தால் அவருக்கும் ஒன்று. ஸ்டேஷனில் கொடுக்கும்போது ரசீது வாங்காமல் வெளியே வராதீர்கள். மற்றவற்றை ரெஜிஸ்டர் தபாலிலும் இமெயிலிலும் அனுப்பலாம்.

மனுவைத் தமிழிலேயே எழுதலாம். 1969ஆம் ஆண்டின் கேரள ஆட்சிமொழிச் சட்டம் தமிழ், கன்னடச் சிறுபான்மையினருக்கு அந்த உரிமையைக் கொடுத்திருக்கிறது. தலைமைச் செயலகத்துக்கும் துறைத் தலைவர்களுக்கும் தமிழில் எழுதலாம், மொழிச் சிறுபான்மைப் பகுதி என்று அறிவிக்கப்பட்ட இடங்களில் உள்ளூர் அரசு அலுவலகங்களுக்கும் எழுதலாம். இருந்தாலும் ஒரு மலையாளப் பிரதியைக் கூட வையுங்கள். டூட்டியில் இருப்பவர் கொல்லத்திலிருந்தோ கண்ணூரிலிருந்தோ மாறுதலாகி வந்தவராக இருக்கலாம். அவர் அன்றைக்கே படித்துப் புரிந்துகொள்வது உங்களுக்குத்தான் லாபம்.

என்ன எழுதுவது என்பதில்தான் பெரும்பாலோர் கோட்டை விடுகிறார்கள். "எதிர்க்கட்சியினர் மிரட்டுகிறார்கள், உயிருக்கு ஆபத்து" என்று எழுதினால் யாராலும் எதுவும் செய்ய முடியாது. இப்படி எழுதுங்கள்: "இன்ன தேதி இரவு சுமார் எட்டரை மணிக்கு, என் ஏஜெண்டாக நியமிக்கப்பட உள்ள இன்னாருடைய வீட்டுக்கு மூன்று பேர் இரண்டு பைக்கில் வந்தனர். அவர்களில் இருவரை அடையாளம் தெரியும், பெயர் இன்னின்ன. பூத்தில் உட்கார்ந்தால் ஊரில் இருக்க முடியாது என்று சொன்னார்கள். பக்கத்து வீட்டு இன்னார் பார்த்தார். ஓட்டுப்பதிவு நாளில் என் ஏஜெண்டுகள் காலை ஐந்தரை மணிக்கு வீட்டிலிருந்து பூத்துக்குச் செல்லவும், ஓட்டுப்பதிவு முடிந்து திரும்பவும் பாதுகாப்பு தரும்படியும், மேற்படி நபர்கள் மீது நடவடிக்கை எடுக்கும்படியும் கேட்டுக்கொள்கிறேன்." நேரம், இடம், சொன்ன வார்த்தை, சாட்சி. இந்த நான்கும் இருந்தால் எஸ்.எச்.ஓ.வுக்கு வேலை செய்ய வழி உண்டு. குற்ற மிரட்டலுக்குப் பாரதிய நியாய சன்ஹிதாவின் 351ஆம் பிரிவு இருக்கிறது, தேர்தலில் தகாத செல்வாக்குச் செலுத்துவதற்கு 171 இருக்கிறது. அமைதியைக் கெடுக்கமாட்டேன் என்று எழுதி வாங்கும் ஜாமீன் நடவடிக்கையும் உண்டு. முன்பு 107 என்று சொல்வோமே, அது இப்போது பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவில் 126. அதற்கான நோட்டீஸ் வீட்டுக்குப் போனதும் பல பேர் அடங்கிவிடுவார்கள்.

ஹைகோர்ட் விஷயம். ஒவ்வொரு உள்ளாட்சித் தேர்தல் காலத்திலும் எறணாகுளத்தில் இப்படிப்பட்ட மனுக்கள் வரிசையாக வரும். வேட்பாளருக்கும் ஏஜெண்டுக்கும் பாதுகாப்புக் கொடுங்கள் என்று போலீஸுக்கு உத்தரவும் வரும். தேர்தலில் நீதிமன்றம் தலையிடக்கூடாது என்று 243ஓ பிரிவு சொல்கிறதே என்று சிலர் பயமுறுத்துவார்கள். தேர்தலைக் கேள்வி கேட்பதற்குத்தான் அந்தத் தடை. தேர்தல் ஒழுங்காக நடக்கப் பாதுகாப்புக் கேட்பது வேறு. ஆனால் கோர்ட் முதலில் பார்ப்பது, நீங்கள் போலீஸிடமும் ஆணையத்திடமும் ஏற்கெனவே கேட்டீர்களா என்பதைத்தான். அந்த ரசீது இல்லாமல் போனால் "முதலில் மனுக் கொடுங்கள்" என்று திருப்பி அனுப்பக்கூடும், அதற்குள் ஓட்டுப்பதிவு வந்துவிடும். அதனால் வேட்புமனு வாபஸ் முடிந்து இறுதிப் பட்டியல் வந்த வாரத்திலேயே மனுக்களைக் கொடுத்து விடுங்கள். நாலைந்து நாளில் ஒன்றும் நடக்கவில்லை என்றால் வக்கீலைப் பாருங்கள். எதிர்த்தரப்பு ஆள்பலம் உள்ளதாக இருந்தால் கோர்ட் உத்தரவு கையில் இருப்பது நல்லதுதான், எஸ்.எச்.ஓ. மேல் வரும் வெளி நெருக்கடி அதனால் குறையும்.

கேமரா ஏற்பாட்டையும் இதோடு சேர்த்துப் பாருங்கள். பிரச்சினைக்குரிய பூத் என்று போலீஸ் அறிக்கை கொடுத்தால் வெப்காஸ்டிங்கோ (இணையம் வழி நேரலை) வீடியோ பதிவோ வைப்பார்கள். அந்தப் பட்டியலில் எப்போதும் கண்ணூர் மாவட்டம்தான் முன்னால் நிற்கும், எல்லைப்புறப் பாலக்காட்டு பூத்துகள் பெரும்பாலும் சாதாரணம் என்றே போய்விடும். பட்டியலில் இல்லையென்றால் வேட்பாளர் தன் செலவில் வீடியோ எடுக்கச் சொல்லி விண்ணப்பிக்கலாம். கலெக்டர் அலுவலகத்தில் கேட்டால் பணம் கட்டும் முறையைச் சொல்வார்கள். படம் எடுப்பவர் அவர்கள் ஏற்பாடு செய்யும் ஆளாகத்தான் இருப்பார். உங்கள் பையன்கள் போனில் எடுக்கக் கிளம்பிவிடக்கூடாது, பூத்துக்குள் அது குற்றம்.

இனி ஓட்டுப்பதிவு நாள். ஓட்டுப்பதிவு காலை ஏழு முதல் மாலை ஆறு வரை. ஆறு மணிக்கு வரிசையில் நிற்பவர்களுக்கு டோக்கன் கொடுத்து எல்லோரையும் போடவிடுவார்கள். உங்கள் ஏஜெண்டுக்கு நாள் தொடங்குவது ஆறு மணிக்கு, மாதிரி ஓட்டுப்பதிவில். இயந்திரத்தில் ஒவ்வொரு சின்னத்துக்கும் அழுத்திப் பார்த்து, கூட்டிக் காட்டி, அழித்து, பூஜ்யம் காட்டி, சீல் வைத்து, அந்த பேப்பர் சீலில் ஏஜெண்டுகளிடம் கையெழுத்து வாங்குவார்கள். உள்ளாட்சித் தேர்தல் இயந்திரத்தில் விவிபாட் கிடையாது. போட்ட ஓட்டை ஒரு சீட்டில் பார்த்து உறுதிசெய்ய வழியில்லாததால், காலையில் நடக்கும் இந்தச் சோதனைக்கு இரட்டை மதிப்பு. அந்த நேரத்தில் உங்கள் ஏஜெண்ட் அங்கே இருந்தாக வேண்டும். மிரட்டுபவர்களும் அந்த விடியற்காலை இருட்டைத்தான் பயன்படுத்துவார்கள். மனுவில் ஐந்தரை மணி என்று குறிப்பிடச் சொன்னது இதற்குத்தான்.

கிராமப் பஞ்சாயத்தில் பூத்திலிருந்து 200 மீட்டருக்குள் ஓட்டுக் கேட்கக்கூடாது, நகரசபையில் இது 100 மீட்டர். இதைக் காப்பது போலீஸின் வேலை. பூத்துக்கு உள்ளே அதிகாரம் அந்த பூத்தின் தலைமை அதிகாரியான பிரிசைடிங் ஆபீசருக்கு. அவர் கூப்பிட்டால் ஒழிய போலீஸ் உள்ளே வரக்கூடாது. கலாட்டா செய்பவரை வெளியேற்றச் சொல்லும் அதிகாரமும் அவருடையதே. ஆகவே உள்ளே ஏதாவது நடந்தால் உங்கள் ஏஜெண்ட் வாசலைப் பார்த்துப் போலீஸைக் கத்திக் கூப்பிடக்கூடாது. பிரிசைடிங் ஆபீசரிடம் எழுத்தில் கொடுக்க வேண்டும். அவர் அதைத் தன் டைரியில் பதிந்தாக வேண்டும்.

ஒரு எஸ்டேட் பள்ளிக்கூட பூத்தில் நான் பார்த்தது இது. மத்தியானம் மூன்று மணிக்குக் கூட்டம் குறைந்த நேரம். சுயேச்சை வேட்பாளரின் ஏஜெண்ட், லயத்தில் (எஸ்டேட் தொழிலாளர் வரிசை வீடுகளில்) குடியிருந்த ஒரு பெண், டீ குடிக்க வெளியே போனார். திரும்பும்போது கேட் அருகே பத்துப் பதினைந்து பேர் வழியை அடைத்து நின்றார்கள். கை வைக்கவில்லை, சும்மா நின்றார்கள். கேட்டில் இருந்த காவலர் வெளியூர்க்காரர். ஏஜெண்ட் பாஸ் அந்தப் பெண்ணின் பைக்குள் இருந்தது, பையோ உள்ளே மேசையில். காவலர் கண்ணுக்கு அவர் ஓட்டுப் போட்டுவிட்டு மறுபடி உள்ளே வரப் பார்க்கும் ஒரு ஆள். இருபது நிமிடம் அந்த நாற்காலி காலியாக இருந்தது. பிரிசைடிங் ஆபீசர் எழுந்து வந்து பார்த்துப் பெயர் சொல்லிக் கூப்பிட்ட பிறகுதான் வழி விட்டார்கள். பாஸை எப்போதும் சட்டையிலோ சேலையிலோ குத்தியிருக்க வேண்டும். காலையிலேயே வாசல் காவலரிடம் ஏஜெண்டை அறிமுகப்படுத்தி வைக்க வேண்டும். மாற்று ஏஜெண்ட் உள்ளே வந்து உட்கார்ந்த பிறகே முதல் ஆள் எழுந்திருக்க வேண்டும்.

அடுத்தது, எல்லை தாண்டி வரும் ஓட்டு. கோபாலபுரம், மீனாட்சிபுரம், வேலந்தாவளம் பக்கத்தில் ரோட்டுக்கு இந்தப்புறம் கேரளம், அந்தப்புறம் தமிழ்நாடு. அண்ணன் வீடு இங்கே, தம்பி வீடு அங்கே. பொள்ளாச்சியில் போய்க் குடியேறியவர்கள் பெயர் இங்கே பட்டியலில் கிடக்கும். அவர்களைச் செக்போஸ்டில் நிறுத்தித் திருப்பியனுப்பச் சொல்லிப் போலீஸிடம் கேட்காதீர்கள், அவர்களால் முடியாது, செய்யவும் கூடாது. பெயர் பட்டியலில் இருந்து, வந்தவர் அதே ஆள்தான் என்றால், அவர் எங்கே குடியிருந்தாலும் பிரிசைடிங் ஆபீசர் ஓட்டை மறுக்க முடியாது. பட்டியலைப் பற்றிய ஆட்சேபத்தைப் பட்டியல் புதுப்பிக்கும்போதே கொடுத்திருக்க வேண்டும். உள்ளாட்சிக்கான பட்டியல் தனி, மாநில ஆணையம் தயாரிப்பது. இடைத்தேர்தலுக்கு முன்னால் அந்த வார்டுக்கு வரைவுப் பட்டியல் வெளியிட்டு ஆட்சேபம் கேட்பார்கள். உங்கள் ஊரில் அந்த நாள் இன்னும் முடியவில்லை என்றால், இன்றைக்கே அந்த வேலையில் இறங்குங்கள்.

பூத்தில் தடுக்க முடிவது ஆள்மாறாட்டத்தை. அதாவது பொள்ளாச்சியில் இருக்கும் மருமகள் பெயரில் வேறொரு பெண் வருவது, இறந்துபோனவர் பெயரில் ஒருவர் வருவது. இதற்கு உங்கள் ஆட்கள் வீடு வீடாகப் போய், இறந்தவர், ஊரில் இல்லாதவர் பெயர்களைப் பட்டியலில் குறித்து ஏஜெண்ட் கையில் கொடுக்க வேண்டும். அப்படி ஒரு பெயர் வாசிக்கப்பட்டதும், மையை வைத்து ஓட்டுப் போட விடுவதற்கு முன் ஏஜெண்ட் "சேலஞ்ச்" செய்ய வேண்டும், அதாவது வந்தவர் அந்த ஆள் அல்ல என்று ஆட்சேபிக்க வேண்டும். அதற்கு ஒரு சிறு கட்டணம் உண்டு, சில்லறை கையில் இருக்கட்டும். பிரிசைடிங் ஆபீசர் அங்கேயே விசாரிப்பார். பொய் என்று தெரிந்தால் ஓட்டு மறுக்கப்படும், ஆளை எழுத்துப் புகாரோடு போலீஸிடம் ஒப்படைப்பார். நியாய சன்ஹிதாவின் 174ஆம் பிரிவின்படி ஓராண்டு வரை சிறை. இரண்டு பேரை இப்படிப் பிடித்துக் கொடுத்தால் மூன்றாவது ஆள் ஜீப்பை விட்டு இறங்கமாட்டார். உங்கள் ஆதரவாளர் ஒருவர் வரும்போது அவர் ஓட்டு ஏற்கெனவே போடப்பட்டிருந்தால், சண்டை பிடிக்காமல் டெண்டர் ஓட்டு (இப்படிப்பட்டவருக்குத் தனியாகக் கொடுக்கும் ஓட்டுச் சீட்டு) கேட்கச் சொல்லுங்கள். அது எண்ணிக்கையில் சேராது, ஆனால் பின்னால் கோர்ட்டில் அதுதான் சாட்சி. கண் தெரியாதவர், முடியாதவர் பெயரைச் சொல்லித் துணைக்கு ஆள் வரும் ஓப்பன் ஓட்டையும் கவனியுங்கள். ஒரே ஆள் திரும்பத் திரும்பத் துணையாக வந்தால் உடனே எழுதிக் கொடுங்கள்.

மலைப்பகுதியிலிருந்தும் இதே கேள்வி வருவதுண்டு. அங்கே நிலைமை வேறு, சுருக்கமாகச் சொல்கிறேன். இடுக்கி மாவட்டத்துப் பழங்குடிப் பஞ்சாயத்தான இடமலைக்குடிக்கு மூணாறிலிருந்து பெட்டிமுடி வழியாகக் காட்டுக்குள் போகவேண்டும். முதலமடை பஞ்சாயத்தில் சேர்ந்த பரம்பிக்குளத்துக்குத் தமிழ்நாட்டுக்குள் நுழைந்து ஆனைமலை, டாப்ஸ்லிப் வழியாகத்தான் வண்டி போகும். அட்டப்பாடியில் 2019 அக்டோபரில் மஞ்சிக்கண்டியில் மாவோயிஸ்டுகள் நான்கு பேர் சுட்டுக் கொல்லப்பட்ட பிறகு, காட்டோர பூத்துகளில் தண்டர்போல்ட் (கேரளப் போலீஸின் கமாண்டோ படை) காவல் சேர்ந்தது. இங்கெல்லாம் பாதுகாப்பு என்றால் முதலில் இயந்திரத்தையும் பூத் ஊழியர்களையும் பத்திரமாகக் கொண்டுசேர்ப்பதுதான். வனத்துறையும் கூட வேலை செய்யும். வேட்பாளர் தன் தேவையைத் தனியாக எழுதிக் கொடுக்காவிட்டால் அது இந்தப் பெரிய ஏற்பாட்டில் காணாமல் போய்விடும்.

எஸ்டேட் பெண்களைப் பற்றி ஒரு வார்த்தை. 2015 செப்டம்பரில் மூணாறில் தேயிலைத் தோட்டப் பெண் தொழிலாளர்களின் பெம்பிளை ஒருமை போராட்டம் நடந்தது. அதே ஆண்டு நவம்பரில் அந்தப் பெண்கள் உள்ளாட்சித் தேர்தலில் நின்றார்கள், போராட்டத்தை முன்னின்று நடத்தியவர்களில் ஒருவரான கோமதி தேவிகுளம் பிளாக் பஞ்சாயத்துக்கு ஜெயித்தார். பெரிய யூனியன்களை எதிர்த்து, லயத்தில் இருந்துகொண்டே செய்த வேலை அது. உங்கள் ஊரில் ஆண்கள் ஏஜெண்டாக உட்காரப் பயந்தால் பெண்களைக் கேளுங்கள். எந்த வீட்டு மருமகள் யார் என்று அவர்களுக்குத்தான் நன்றாகத் தெரியும். பூத் வாசலில் பெண் காவலர் வேண்டும் என்பதையும் மனுவில் சேருங்கள்.

ஓட்டுப்பதிவு முடிந்ததும் ஏஜெண்ட் எழுந்து ஓடிவிடக்கூடாது. இயந்திரம் மூடி சீல் வைக்கும்போது கையெழுத்துப் போட்டு, பதிவான ஓட்டுகளின் கணக்கை நகலாக வாங்கிக்கொள்ள வேண்டும். இடைத்தேர்தலில் எண்ணிக்கை பெரும்பாலும் மறுநாளே நடக்கும், அந்த ஒரு இரவுக்கு இயந்திரம் இருக்கும் அறைக்குப் போலீஸ் காவல் உண்டு. கேரளத்தில் அடிதடி அதிகம் நடப்பது பிரச்சாரத்தின் கடைசி மாலை கொட்டிக்கலாசத்திலும், முடிவு வந்த பிறகு வெற்றி ஊர்வலத்திலும்தான். ஏஜெண்டுகளின் வீட்டுப் பக்கம் ஊர்வலம் போகாமல் பார்த்துக்கொள்ளும்படியும், முடிவு வந்த அன்று இரவு ரோந்து வரும்படியும் முதல் மனுவிலேயே கேட்டு வையுங்கள்.

தங்கை ஜெயித்து, அந்த ஒரு வார்டால் பஞ்சாயத்தில் பெரும்பான்மை மாறும் நிலை வந்தால் இன்னொரு முறை பாதுகாப்புத் தேவைப்படும். பிரசிடெண்ட் மீது நம்பிக்கையில்லாத் தீர்மானம் வரும்போதும், புதிய பிரசிடெண்ட் தேர்தலின்போதும் மெம்பர்களைக் கூட்டத்துக்கு வரவிடாமல் தடுப்பது நடக்கிறது. பிரசிடெண்ட் தேர்தல் இங்கே ரகசிய ஓட்டு அல்ல, மெம்பர் தன் பெயரெழுதிக் கையெழுத்துப் போட்டுத் தரவேண்டும். யாருக்குப் போட்டார் என்பது எல்லோருக்கும் தெரியும். அப்போதும் இதே வழிதான்: ஸ்டேஷன் மனு, ரசீது, தேவைப்பட்டால் ஹைகோர்ட்.

தோற்று, தோற்றது கள்ள ஓட்டால்தான் என்றால், கிராமப் பஞ்சாயத்து வார்டுக்கான தேர்தல் மனுவை முடிவு அறிவித்த 30 நாளுக்குள் முன்சீஃப் கோர்ட்டில் போடவேண்டும். அந்த மனுவோடு சேர்க்க ஸ்டேஷன் ரசீதுகள், ஏஜெண்ட் கொடுத்த எழுத்துப் புகார்களின் நகல், டெண்டர் ஓட்டுப் போட்டவர்களின் பெயர்கள், ஓட்டுக் கணக்கின் நகல் எல்லாம் ஒரே ஃபைலில் இருக்கட்டும்.